காயத்ரிக்கு உரை எழுத எந்த அகராதி கைகொடுக்கும்? ஒரு மதிப்பீடு

கோயில் மலர், ஆன்மிக இதழ், உபநயனத்தில் கொடுக்கும் சிறு பிரசுரம் என்று எதற்காகக் காயத்ரி மந்திரத்தைப் பற்றி எழுத உட்கார்ந்தாலும் மூன்றாவது பத்திக்குள் சொற்கள் தீர்ந்துவிடும். 'ஒளி' ஐந்து முறை வந்திருக்கும். 'அறிவு' அதற்கும் மேல். 'தியானம்' இல்லாத வரியே இருக்காது. அப்போதுதான் வேறு சொல் தேடி அகராதிக்கோ இணையச் செயலிக்கோ போகிறோம். இந்த வேலைக்கு இன்று கைக்கெட்டும் கருவிகளை ஒரே மந்திரத்தை வைத்து உரசிப் பார்ப்பதுதான் இந்த மதிப்பீடு: தானாக மாற்றி எழுதித் தரும் செயலிகள், மானியர் வில்லியம்ஸ் சமஸ்கிருத அகராதி, அமரகோசம், சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன், தமிழ் நிகண்டுகள் (செய்யுளில் அமைந்த பழைய சொற்பொருள் நூல்கள்), க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி.

உரைகல்லாக ஒரு வாக்கியம்: "காயத்ரி மந்திரம் சூரிய பகவானின் ஒளியைத் தியானித்து, நமக்கு நல்ல அறிவைத் தரும்படி வேண்டுகிறது." பல பிரசுரங்களில் ஏறக்குறைய இப்படித்தான் இருக்கும். மூலம் ரிக் வேதத்தின் 3-ஆம் மண்டலத்தில் 62-ஆம் சூக்தத்தின் 10-ஆவது ருக்கு. அதைக் கண்டவர் விசுவாமித்திரர். தத் ஸவிதுர் வரேண்யம், பர்கோ தேவஸ்ய தீமஹி, தியோ யோ ந: ப்ரசோதயாத். பதம் பதமாகப் பிரித்தால்: 'எவன் நம் அறிவுகளைத் தூண்டுவானோ, அந்த சவிதா என்ற தேவனின் விரும்பத்தக்க ஒளியைத் தியானிப்போம்.' இதை மேலே உள்ள வாக்கியத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மூலத்தில் 'தா' என்ற கோரிக்கையே கிடையாது. அறிவு ஏற்கெனவே நம்மிடம் இருக்கிறது. அதை உந்திவிடச் சொல்கிறது மந்திரம். 'தரும்படி'க்கு மாற்றாக 'அருளும்படி', 'வழங்கும்படி', 'நல்கும்படி' என்று எத்தனை சொல் தேடினாலும் பிழை அப்படியே இருக்கும். ஆகவே எந்தக் கருவியைத் திறப்பதற்கு முன்னும் பதவுரையை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அரை மணி நேர வேலைதான், ஆனால் பின்னால் வரும் பிழைகளில் பெரும்பாலானவற்றை அது தடுத்துவிடும்.

முதலில், எல்லோரும் முதலில் போகிற இடம்: மாற்றி எழுதும் செயலிகள். கட்டுரையை ஒட்டினால் சில நொடிகளில் புதுச் சொற்களோடு திரும்பி வரும். மந்திரத்தைச் சுற்றியுள்ள சாதாரண உரைநடைக்கு (மலர் வெளியாகும் சந்தர்ப்பம், ஹோமம் நடக்கும் நேரம், வரவேற்பு வாசகம்) இவை தாராளமாகப் போதும். மந்திரப் பொருளுக்குள் விட்டால் மூன்று இடங்களில் கெடும்.

ஒன்று, மந்திர வரியையே திருத்தத் தொடங்கும். தமிழில் விசர்க்கத்தை (சமஸ்கிருதச் சொல்லின் இறுதியில் வரும் மூச்சொலியை) 'ந:' என்று முக்காற்புள்ளி போட்டு எழுதுகிறோம். செயலிக்கு அது நிறுத்தக்குறி. அங்கே வாக்கியம் முடிந்ததாக எண்ணி, 'ப்ரசோதயாத்' என்பதைப் புது வாக்கியமாக்கிவிடும். ஒரே தமிழ் எழுத்தில் எழுதப்படும் வெவ்வேறு சமஸ்கிருத ஒலிகளை (வர்க்க எழுத்துகளை) வேறுபடுத்திக் காட்ட 'ப⁴ர்கோ³ தே³வஸ்ய தீ⁴மஹி' என்று மேலே எண் போட்டிருந்தால் அந்த எண்கள் சில நேரம் உதிர்ந்துபோகும், சில நேரம் கீழே இறங்கி எழுத்தோடு ஒட்டிக்கொள்ளும். இதற்கு ஒரே வழி, ஒட்டுவதற்கு முன் மந்திர வரிகளை வெட்டி எடுத்துவிட்டு அந்த இடத்தில் 'வரி 1', 'வரி 2' என்று அடையாளம் வைப்பது. வேலை முடிந்தபின் மூலக் கோப்பிலிருந்து வரிகளைத் திருப்பி வைக்கலாம்.

இரண்டு, கலைச்சொல்லைப் பொதுச்சொல்லாக எண்ணி மாற்றும். "விசுவாமித்திரர் கண்ட மந்திரம்" என்பது "விசுவாமித்திரர் இயற்றிய மந்திரம்" ஆகிவிடும். ரிஷிகள் மந்திரத்தைக் கண்டவர்கள், செய்தவர்கள் அல்லர் என்பது வைதிக மரபின் அடிப்படை நம்பிக்கை. ஒரு வினைச்சொல் மாறினால் அது போயிற்று. 'தேவதை' இன்னொரு கண்ணி. "இம்மந்திரத்தின் தேவதை சவிதா" என்பதில் அது ஆண் தெய்வத்தையும் குறிக்கும் கலைச்சொல். இன்றைய தமிழில் தேவதை என்றால் வெள்ளை உடுத்த பெண் உருவம்தான் கண்முன் வரும். 'அதிதேவதை' என்றோ, 'மந்திரம் யாரை நோக்கியதோ அந்தத் தெய்வம்' என்றோ விரித்துச் சொல்வது நல்லது. 'சந்தஸ்' (வேதச் செய்யுளின் யாப்பு) என்பதைச் 'சந்தம்' ஆக்குவதும் இப்படித்தான்; சந்தம் என்றால் தமிழ் வாசகர் திருப்புகழின் தாளக்கட்டை நினைப்பார். காயத்ரி என்ற பெயரே மூன்று பொருளில் வரும்: 24 அசை கொண்ட சந்தஸ், அதில் அமைந்த இந்த மந்திரம், அந்த மந்திரத்தின் தெய்வ வடிவம். எதைச் சொல்கிறோம் என்று ஒவ்வொரு முறையும் நாம்தான் குறித்துக் கொடுக்க வேண்டும். மந்திரத்துக்கு உண்மையான மாற்றுப்பெயர் ஒன்று உண்டு: சாவித்ரி, அதாவது சவிதாவுக்கு உரியது. அந்தப் பெயரைக் கண்டதும் சத்தியவானின் மனைவியைக் கட்டுரைக்குள் இழுத்து வந்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது மிகவும் பரவியது, மனிதர்களும் செய்வது: 'ஜபம்' என்பதற்கு 'உச்சாடனம்' போடுவது. உச்சாடனம் என்பது மாந்திரீகத்தில் அஷ்டகர்மங்களில் ஒன்று. வசியம், தம்பனம், மாரணம் வரிசையில் வருவது. ஒருவரையோ ஒன்றையோ விரட்டுவது. சொல்வது, ஒலிப்பது என்ற பொருள் வேண்டுமானால் அது உச்சாரணம். இரண்டு எழுத்துத்தான் வித்தியாசம். 'மந்திர உச்சாடனம்' என்று மேடைதோறும் கேட்டுப் பழகியதால் காதுக்கு உறுத்துவதில்லை. ஆனால் காயத்ரியைப் பற்றிய கட்டுரையில் அது இருக்கக் கூடாது. 'மந்திரம்' என்ற சொல்லுக்கே 'மாயம்', 'வித்தை' என்று மாற்று வந்தால் அதையும் உடனே அழித்துவிடுங்கள்.

ஜபத்துக்கு நல்ல மாற்றுகள் தமிழில் இருக்கின்றன. 'ஓதுதல்' வேதத்துக்கும் தேவாரத்துக்கும் பொது. 'உருவேற்றுதல்' எண்ணிக்கையோடு திரும்பத் திரும்பச் சொல்வதற்குப் பொருத்தம். '108 உரு' என்பது இன்றும் புழக்கத்தில் உள்ளது. 'செபித்தல்' ஜபத்தின் தமிழ் வடிவமே; பிழையில்லை. ஆனால் செபமாலை, செபக்கூட்டம் என்ற வழக்குகளால் கிறிஸ்தவ வாசனை சேர்ந்துவிட்டது, எனவே இடம் பார்த்துப் போட வேண்டும். உபாம்சு ஜபத்தை 'முணுமுணுத்தல்' என்று எழுதவே கூடாது. முணுமுணுப்பு தமிழில் அதிருப்தியின் ஒலி. 'உதடு அசைய, பிறர் காதில் விழாமல்' என்று விளக்கிவிடலாம்.

அடுத்தது மானியர் வில்லியம்ஸ். 1899-இல் ஆக்ஸ்போர்டில் வந்த விரிவான பதிப்பைத்தான் கொலோன் பல்கலைக்கழகம் இணையத்தில் இலவசமாகத் தேடக் கொடுக்கிறது. மந்திரச் சொல்லின் பொருள் எல்லை எதுவரை என்று காட்டுவதில் இதற்கு ஈடில்லை. ஆனால் பயன்படுத்தத் தெரியாமல் போனால் ஒன்றும் கிடைக்காது. 'பர்கோ' என்று தேடினால் வராது. அது சந்தியில் மாறிய வடிவம், பகுதி 'பர்கஸ்'. 'தியோ' வராது, 'தீ' என்று தேட வேண்டும். 'ஸவிதுர்' வராது; ருகாரத்தில் முடியும் 'ஸவித்ரு'. வினைகளை வேரின் கீழ் தேட வேண்டும்: 'ப்ரசோதயாத்' என்பதற்கு 'சுத்' வேரும் 'ப்ர' முன்னொட்டும். சமஸ்கிருதத்தை ஆங்கில எழுத்தில் அடிக்கும் தட்டச்சு முறையும் குழப்பும். ஹார்வர்டு-கியோட்டோ முறையில் ணகரத்துக்குப் பெரிய 'என்' போட வேண்டும். எஸ்எல்பி1 முறையில் அதே ணகரத்துக்குப் பெரிய 'ஆர்'. தேடல் பெட்டியில் எந்த முறை தேர்வாகியிருக்கிறது என்று பார்க்காமல் 'வரேண்ய' என்று அடித்துவிட்டு, 'சொல் இல்லை' என்று கைவிடுவதுதான் வழக்கமாக நடப்பது. தேவநாகரியில் ஒட்டித் தேடினால் இந்தத் தொல்லை இல்லை.

இந்த அகராதியில் கண் வைக்க வேண்டிய இடம் பொருளை அடுத்து வரும் சுருக்கக் குறி. ரிக் வேதக் குறி இருந்தால் அந்தப் பொருள் வேதத்திலேயே ஆளப்பட்டது. தனியாக 'எல்' என்ற ஓரெழுத்துக் குறி இருந்தால், அது பழைய கோசக்காரர்கள் (சமஸ்கிருதச் சொற்களஞ்சியம் தொகுத்தவர்கள்) சொன்ன பொருள். அகராதி தொகுத்த காலம்வரை அச்சான நூல் எதிலும் எடுத்தாளப்பட்டதாகக் காணவில்லை என்று அர்த்தம். உரையில் மாற்றுச்சொல்லாக வைக்க முதல் வகையை நம்பலாம். இரண்டாவது வகையைத் தொடாமல் இருப்பது நல்லது.

மந்திரத்துக்கு முன் சேர்த்துச் சொல்லும் பூ:, புவ:, ஸ்வ: என்ற வியாஹ்ருதிகளுக்கும் இதுவே காவல். பூ: என்றால் பூமி, சிக்கலில்லை. புவ: என்பதை 'புவி' என்று எழுதிவிடுகிறார்கள், அப்படியானால் பூமி இரண்டு முறை வந்துவிடுகிறது. புவ: என்பது மண்ணுக்கும் விண்ணுக்கும் இடைப்பட்ட வெளி, அந்தரிட்சம். ஸ்வ: என்பது விண்ணுலகு, 'தன்' என்ற பொருளுள்ள 'ஸ்வ' வேறு சொல். அகராதியில் இரண்டும் தனித்தனித் தலைச்சொல். 'சுயம்' என்று மாற்றி எழுதியவர் இரண்டாவதைப் பார்த்துவிட்டார் என்று பொருள்.

அமரகோசம் உண்மையான பரியாயச் சொல் களஞ்சியம். ஒரே பொருளுள்ள சொற்களைச் சுலோகமாக அடுக்கியிருப்பதால், மாற்றுச்சொல் தேடுபவருக்கு இதுதான் முதல் நூல் என்று தோன்றும். ஆசை காட்டுவதும் இதுதான், வழுக்கிவிடுவதும் இதுதான். அறிவுக்கு அது தரும் வரிசையைப் பாருங்கள்: புத்தி, மனீஷா, திஷணா, தீ, பிரக்ஞா, சேமுஷீ, மதி, ப்ரேக்ஷா, உபலப்தி, சித், ஸம்வித், ப்ரதிபத், ஜ்ஞப்தி, சேதனா. 14 சொற்கள். தமிழுக்குக் கொண்டு வரும்போது எத்தனை மிஞ்சும்? 'புத்தி' நிற்கும், ஆனால் 'புத்தி சொன்னான்', 'கெட்ட புத்தி' என்று வீட்டுப் புழக்கத்தில் தேய்ந்த சொல். 'பிரக்ஞை' தமிழில் உணர்வு, நினைவு என்ற பக்கம் சாய்ந்துவிட்டது. 'பிரக்ஞையில்லாமல் கிடந்தார்' என்கிறோம். 'மதி' என்றால் அறிவும் நிலவும். சூரியனைப் பற்றிய பத்தியில் 'மதியைத் தூண்டும் கதிரவன்' என்று எழுதினால் வாசகர் நிலவுக்குப் போய்த் திரும்பி வர வேண்டும். மற்றவை தமிழ் உரைநடைக்கு வரவே வராது. மிஞ்சுவது அறிவும் புத்தியும்தான். அதற்கு மேல் வேண்டுமானால் 'சிந்தனை', 'எண்ணம்' என்று தமிழ்ப் பக்கம்தான் போக வேண்டும். 'திய:' பன்மை என்பதால் 'எண்ணங்கள்' இங்கே அழகாகவே பொருந்தும்.

சூரியன் வரிசையில் அமரகோசம் ரவி, தபனன் ஆகியவற்றோடு சவிதாவையும் சேர்க்கிறது. கோசத்துக்கு அது சரி. ஆனால் வேதத்தில் சவிதா வெறும் சூரியவட்டம் அல்ல. 'ஸூ' என்ற வேரிலிருந்து, உந்திவிடுபவன், கிளப்பிவிடுபவன். உதயத்துக்கு முன் சவிதா, உதயம் முதல் அஸ்தமனம்வரை சூரியன் என்று வேதத்துக்கு உரை எழுதிய சாயணர் பிரித்துக் காட்டுகிறார். மந்திரத்தின் முதல் வரியில் உந்துபவனை அழைத்து, கடைசி வரியில் உந்தச் சொல்கிறது. அந்த முடிச்சை 'திவாகரன்', 'பாஸ்கரன்' என்ற மாற்றுகள் அறுத்துவிடும். சவிதாவை ஒரு முறையாவது பெயர் மாற்றாமல், பொருளோடு எழுதிவிட்டுப் பிறகு 'கதிரவன்' என்று போங்கள். இன்னொரு பொறி: அமரகோசத்தில் 'பர்க' என்று தேடினால் சிவபெருமான் பெயர்களுக்கு நடுவே போய் நிற்கும். அது அகரத்தில் முடியும் ஆண்பாற் பெயர். மந்திரத்தில் இருப்பது ஸகரத்தில் முடியும் 'பர்கஸ்', ஒளி என்னும் அஃறிணைச் சொல்.

தமிழ் லெக்சிகன் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், 1939-இல் பின்னிணைப்பாகவும் வந்தது. சொற்கள் ஒரு லட்சத்துக்கு மேல். சிகாகோ பல்கலைக்கழகத் தளத்தில் தேடலாம். இந்த வேலைக்கு இதை மிஞ்சிய தமிழ்க் கருவி இல்லை. ஆனால் இது பொருள் சொல்லும் அகராதி, மாற்றுச்சொல் அடுக்கும் நூல் அல்ல. அதை மாற்றுச்சொல் களஞ்சியமாக்க ஒரு வழி உண்டு. தலைச்சொல்லில் தேடாமல் முழுப் பதிவிலும் தேடும் வசதியைத் தேர்ந்து, ஆங்கிலப் பொருளைக் கொடுங்கள்: 'ஸ்ப்ளெண்டர்', 'லஸ்டர்', 'ரேடியன்ஸ்' ஆகியவற்றை ஆங்கில எழுத்தில் அடித்தால் அந்தப் பொருளுள்ள தமிழ்ச் சொற்கள் வரிசையாக வந்து விழும். கிரந்த எழுத்தில் சொல் கிடைக்காவிட்டால் தமிழ் வடிவத்தில் தேடுங்கள். ரிஷிக்கு 'இருடி', ஜபத்துக்குச் 'செபம்'. இங்கும் குறி பார்க்க வேண்டும். '(பிங்.)', '(திவா.)', '(சூடா.)' என்று மட்டும் இருந்தால் பிங்கலம், திவாகரம், சூடாமணி நிகண்டுகளைச் சான்றாகக் கொண்ட பொருள். இலக்கிய மேற்கோள் தந்திருந்தால் புலவர் வாயில் புழங்கியது.

நிகண்டுகள் தனியாகவும் இணையத்தில் கிடைக்கின்றன. செய்யுளாக எழுதுபவருக்கு அவை பொக்கிஷம்: ஞாயிறு, பரிதி, எல், என்றூழ், வெய்யோன், பகலவன். உரைநடைக்கு இவற்றில் பாதி உதவாது. 'வெய்யோன்' வெப்பத்தை முன்னே வைக்கும் சொல். மந்திரத்தில் வெப்பம் இல்லை.

லெக்சிகன் தந்த சொல் இன்று எப்படி ஒலிக்கிறது என்று சொல்வது க்ரியா அகராதி. 1992-இல் முதல் பதிப்பு, 2008-இலும் 2020-இலும் விரிவுபெற்றது. உயர் வழக்கு, பேச்சு வழக்கு, அருகிவரும் வழக்கு என்று குறித்து, எடுத்துக்காட்டு வாக்கியமும் தருகிறது. அந்த வாக்கியங்களைப் படித்தாலே போதும். 'பர்கஸ்' என்பதற்கு லெக்சிகனிலிருந்து சுடர், சோதி, தேசு, காந்தி, பிரகாசம், வெளிச்சம் என்று பட்டியல் கிடைத்திருக்கும். 'காந்தி' இன்று ஒரு மனிதரின் பெயர், எழுத முடியாது. 'வெளிச்சம்' விளக்குப் போட்டால் வருவது. 'பிரகாசம்' 'எதிர்காலம் பிரகாசமாக இருக்கிறது' வரை இறங்கிவிட்டது. 'தேசு' பழைய அழகுள்ள சொல்; செய்யுளுக்குச் சரி. 'சோதி' வள்ளலார் மரபில் தனிப் பொருள் கொண்டு நிற்கிறது. கடைசியில் 'சுடர்', 'பேரொளி' இரண்டும் கவலையில்லாமல் நிற்கும். இந்தச் சலிப்பு வேலையை வேறு எந்தக் கருவியும் செய்வதில்லை. சமய நூற்சொற்களுக்கு மட்டும் இதை நம்பிப் போகாதீர்கள். அது அதன் வேலையும் அல்ல.

'ப்ரசோதயாத்' என்ற ஒரு சொல்லை எல்லாவற்றிலும் போட்டுப் பார்த்தால் கருவிகளின் குணம் தெரிந்துவிடும். மானியர் வில்லியம்ஸில் 'உந்து, ஏவு, ஊக்கு' என்ற பொருட்கள் கிடைக்கும். தமிழில் 'ஏவு' போட்டால் 'ஏவல், பில்லி, சூனியம்' நினைவுக்கு வரும். 'முடுக்கு' இயந்திரத்துக்கு. 'உந்து' நல்ல சொல்தான். கொஞ்சம் உடல் பலம் தெரிகிறது. 'ஊக்கு' பாராட்டிப் பேசுவதுபோல் ஆகிறது. 'தூண்டு' பத்திரிகையில் 'கலவரத்தைத் தூண்டியதாக வழக்கு' என்று கெட்டுப்போயிருக்கிறது, உண்மைதான். ஆனால் அதன் பழைய பொருள் விளக்கின் திரியைத் தள்ளிச் சுடரைக் கூட்டுவது. 'தூண்டு சுடரனைய சோதி' என்று அப்பர் திருமறைக்காட்டில் பாடியது அந்தத் தூண்டலைத்தான். இருக்கிற சுடரை நிமிர்த்திவிடுவது என்பதைவிட இந்த மந்திரத்துக்கு நெருங்கிய சொல் தமிழில் இல்லை. முன்னும் பின்னும் 'ஒளி', 'சுடர்' வரும் இடத்தில் வைத்தால் வழக்கு மன்ற வாடை தானாக விலகிவிடும்.

பாரதி இதைச் செய்துகாட்டியிருக்கிறார். 1912-இல் வெளிவந்த பாஞ்சாலி சபதத்தின் முதல் பாகத்தில், "செங்கதிர்த் தேவன் சிறந்த ஒளியினைத் தேர்கின்றோம் – அவன் எங்களறிவினைத் தூண்டி நடத்துக" என்று மந்திரத்தைத் தமிழாக்குகிறார். 'தேர்கின்றோம்' என்ற சொல்லைக் கவனியுங்கள். தீமஹி என்பதற்கு மரபு உரைகள் 'தியானிப்போம்' என்று பொருள் கொள்கின்றன. மொழியியலார் 'வைத்தல்' என்று பொருள்படும் 'தா' என்ற சமஸ்கிருத வேரிலிருந்து 'நமக்குள் வைப்போம், பெறுவோம்' என்கிறார்கள். தமிழ்த் 'தேர்தல்' ஆராய்ந்து சிந்திப்பதும் ஆகும், தெரிந்து கொள்வதும் ஆகும். இரண்டு பக்கமும் முகம் காட்டும் ஒரே சொல். 'வரேண்யம்' என்பதில் உள்ள 'தேர்ந்தெடுத்தல்' என்ற வேர்ப்பொருளையும் அதுவே தாங்கிக்கொள்கிறது. உரைநடையில் அந்த வேரையே வைக்க வேண்டுமானால் 'வரிக்கத்தக்க' என்று எழுதலாம். சுயம்வரத்தில் வருகிற அதே வரித்தல். தியானத்துக்குத் 'தவம்' என்று மாற்றுவது மட்டும் வேண்டாம். அது வேறு சாதனை.

ஆக, உரைகல் வாக்கியம் இப்படி மாறும்: "உலகை உந்திவிடும் சவிதாவின் வரிக்கத்தக்க சுடரை நெஞ்சில் வைப்போம், நம் எண்ணங்களை அவர் தூண்டிவிடட்டும் என்பதே காயத்ரி." செயலி ஒரு சொல்கூட இதில் கொடுக்கவில்லை. பதவுரைத் தாள், மானியர் வில்லியம்ஸ், லெக்சிகன், க்ரியா என்ற வரிசையில் ஒவ்வொரு சொல்லும் வந்தது. இரண்டு பக்கக் கட்டுரைக்கு ஒரு முழு மாலை ஒதுக்க வேண்டும். செலவு, க்ரியா அச்சுப் பிரதியின் விலை மட்டும், மற்றவை இலவசம்.

அச்சுக்கு அனுப்புமுன் மந்திர வரியை விரல்விட்டு எண்ணுங்கள். தத்-ஸ-வி-துர்-வ-ரே-ண்யம் ஏழு, பர்-கோ-தே-வ-ஸ்ய-தீ-ம-ஹி எட்டு, தி-யோ-யோ-ந:-ப்ர-சோ-த-யாத் எட்டு. மொத்தம் 23 வரும். சந்தஸுக்கு வேண்டிய 24 'வரேண்யம்' என்பதை 'வரேணியம்' என்று விரித்து எண்ணினால் கிடைக்கும். அதற்காக அச்சில் எழுத்தை மாற்ற வேண்டியதில்லை. 22 வந்தால் எங்கோ ஓர் எழுத்து விழுந்திருக்கிறது. முதலில் 'ந:' இருக்கிறதா என்று பாருங்கள்.